பூவரசம் பெட்டியும் நீலப்பூக் கொடியும்

பாபநாசத்திலிருந்து கும்பகோணம் போகும் சாலையை விட்டு இறங்கி, இரண்டு வாய்க்கால்களைத் தாண்டினால் எங்கள் ஊர். கல்லறைத் திருநாளுக்கு முந்தைய வாரத்தில் அங்கே எந்த வீட்டிலும் மண்வெட்டியோ களைக்கொட்டோ சும்மா இருக்காது. எல்லாம் கல்லறைத் தோட்டத்தில் இருக்கும். அவரவர் வீட்டுக் கல்லறையில் ஒரு புல் மிச்சமில்லாமல் செதுக்கி, மண்ணை அணைத்து, தண்ணீர் தெளித்து மெழுகி, ஓரத்தில் சுண்ணாம்பு இழுப்பார்கள். சமன் செய்த நாற்றங்காலைப் போல் அது வழவழவென்று இருக்க வேண்டும். புல் முளைத்த கல்லறைக்கு எங்கள் பக்கத்தில் ஒரே பொருள்தான்: கேட்க நாதியில்லாதவர் படுத்திருக்கிறார்.

என் பெரியப்பா ஆரோக்கியசாமி அந்தத் தோட்டத்தில் மூன்று இடங்களைச் செதுக்குவார். ஒன்று அவருடைய அப்பாவுடையது, ஒன்று அம்மாவுடையது. மூன்றாவது வெறும் தரை. அதற்குள் யாரும் இல்லை. அது அவருடைய தங்கை லூர்துக்காக அவர் கேட்டு வாங்கி வைத்திருந்த இடம்.

லூர்து அத்தை கன்னியர் மடத்தில் சேர்ந்து, செவிலியர் படிப்பு முடித்து, இலங்கையின் மலைநாட்டுக்கு அனுப்பப்பட்டவர். தேயிலைத் தோட்டத் தொழிலாளர்களுக்காக மடம் நடத்திய சிறு மருந்தகத்தில் தன் வாழ்நாளைச் செலவிட்டார். விமானங்கள் நின்றுபோன கொரோனா காலத்தில் அங்கேயே இறந்து, அங்கேயே அடக்கம் செய்யப்பட்டார். பெரியப்பா அந்த அடக்கத்தைக் கைபேசித் திரையில், பாதி நேரம் உறைந்து நின்ற படமாகத்தான் பார்த்தார். அன்று முதல் அவருக்கு ஒரே எண்ணம்: தங்கையின் எலும்புகளையாவது கொண்டுவந்து அப்பா அம்மா பக்கத்தில் வைத்துவிட வேண்டும்.

மடத்தாரிடம் எழுதிக் கேட்டபோது, "குடும்பத்தார் வந்து பார்த்து முடிவு செய்யட்டும், நாங்கள் குறுக்கே நிற்கமாட்டோம்" என்று பதில் வந்தது. ஆங்கிலம் பேச ஒருவர் வேண்டும் என்பதற்காக நானும் உடன் சென்றேன். சமூகப்பணி படித்துவிட்டு, திருவாரூரில் ஒரு தொண்டு நிறுவனத்தில் வேலை பார்க்கிறேன். இறந்தவர் யாருக்குச் சொந்தம், பெற்ற ஊருக்கா உழைத்த ஊருக்கா என்ற கேள்வி அப்போதே என்னுள் இருந்தது. ஆனால் அதைப் பெரியப்பாவிடம் கேட்கும் உரிமை எனக்கு இருப்பதாகத் தோன்றவில்லை.

சம்பா நடவு முடிந்து முதல் களை எடுக்க வேண்டிய நேரம் அது. பெரியப்பா வயலைப் பெரியம்மாவிடம் ஒப்படைத்துவிட்டுப் புறப்பட்டார். வீட்டுக் கொல்லையில் நின்ற பூவரச மரத்தை அறுத்து, ஆசாரியிடம் கொடுத்து, ஆர்மோனியப் பெட்டியைவிடச் சற்று நீளமாக ஒரு பெட்டி செய்திருந்தார். அதற்குள் பெரியம்மா சிலுவை தைத்துக் கொடுத்த வெள்ளைத் துணி. துணிக்கு மேலே அவருடைய களைக்கொட்டு.

"அது எதுக்கு பெரியப்பா?" என்றேன்.

"திருநாளுக்குப் போறோம். அவ கல்லறையச் செதுக்காம மெழுகுவத்தி ஏத்தச் சொல்றியா?"

கொழும்பு விமான நிலையத்தில் சுங்க அதிகாரி பெட்டியைத் திறந்தார். துணியையும் களைக்கொட்டையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, எதற்கு என்று கேட்டார். உள்ளதைச் சொன்னேன். அவர் ஒன்றும் எழுதிக்கொள்ளவில்லை. துணியின் மடிப்பு கலையாமல் மூடி, மூடியின் மேல் ஒரு கணம் கையை வைத்திருந்துவிட்டு, போகலாம் என்று தலையசைத்தார்.

மதியம் ஒரு சிறிய சாப்பாட்டுக் கடையில் சிவப்பரிசிச் சோறும் பருப்பும் மீன்குழம்பும் வந்தன. பெரியப்பா முதலில் கறியைத் தொடவில்லை. நான்கு சோற்றுப் பருக்கைகளை எடுத்து விரலால் நசுக்கிப் பார்த்தார். "நல்ல அரிசிதான். ஆனா கொஞ்சம் விறைப்பு" என்று தீர்ப்புச் சொல்லிவிட்டு, இரண்டாம் முறை சோறு கேட்டு வாங்கிக்கொண்டார். நெல் விளைவிப்பவர்கள் அயல்நாட்டில் கோயிலையும் கடலையும் பிறகுதான் பார்க்கிறார்கள்.

மலை ஏறும் பேருந்தில் பெட்டியை மடியிலேயே வைத்துக்கொண்டார். பக்கத்தில் அமர்ந்திருந்த சிங்களப் பெண்மணி அதை வெகுநேரம் பார்த்துவிட்டு நடத்துனரிடம் ஏதோ சொன்னார். நடத்துனர் தனக்குத் தெரிந்த ஆங்கிலத்தில் எனக்கு மொழிபெயர்த்தார்: "உள்ளே என்ன வாத்தியம், ஒரு பாட்டு வாசிக்கச் சொல்ல முடியுமா என்று கேட்கிறார்." நான் சிரிக்கவும் முடியாமல் மறுக்கவும் முடியாமல், வாசிப்பவர் இன்னும் வரவில்லை என்று சொல்லிவைத்தேன்.

பாதி மலையில் பேருந்து நின்றுவிட்டது. முன்னால் சாலையின் மேல் மண் சரிந்து கிடந்தது. மலையின் ஒரு பக்கம் முழுவதும் புதிதாகத் தோல் உரிந்ததுபோல் சிவப்பாக இருந்தது. அந்தப் பக்கம் வேறு பேருந்து நிற்கிறது, நடந்து கடந்துவிடுங்கள் என்றார்கள். பெரியப்பா துண்டைச் சும்மாடாகச் சுற்றி, பெட்டியைத் தலையில் வைத்து, நாற்றுக்கட்டு சுமப்பவரைப் போல் சேற்றில் கால் பதித்து நடந்தார். நடுவில் நின்று, சரிவை அண்ணாந்து பார்த்தார்.

"நம்ம ஊர்ல தண்ணி வந்தா மண்ணு மேல நிக்கும். இங்க மண்ணே தண்ணி மாதிரி வருதே" என்றார்.

எங்கள் ஊரில் தரை என்பது நம்பத்தக்க ஒன்று. வெள்ளம் வந்து பயிரை மூழ்கடித்தாலும், வடிந்த பிறகு தரை அங்கேயேதான் இருக்கும். அதை ஒருநாளும் நாங்கள் நன்றியோடு நினைத்ததில்லை என்பது அந்தச் சேற்றில் நடக்கும்போது எனக்குத் தோன்றியது.

மடத்தை அடைந்தபோது மாலையாகிவிட்டது. குளிர் எலும்புவரை இறங்கியது. மடத்தின் தலைவியான மதர் சிங்களவர்; என்னோடு ஆங்கிலத்தில் பேசினார். சமையலறையைக் கவனித்துக்கொள்ளும் இந்திராணி, முன்பு தோட்டத்தில் கொழுந்து பறித்தவர். தேங்காய் ரொட்டியும் மிளகாய் இடித்த காரமான கட்டச் சம்பலும், பாலில்லாத பிளேன்டியும் கொண்டுவந்து வைத்தார்.

"மலை முழுக்கத் தேயிலை. ஊத்தறதுக்கு ஒரு சொட்டுப் பால் இல்லியா?" என்று பெரியப்பா என்னிடம் முணுமுணுத்தது அவருக்குக் கேட்டுவிட்டது.

"பால் ஊத்தினா தேயிலை ருசி தெரியாதுங்கய்யா. சிஸ்டரும் வந்த புதுசுல இப்பிடித்தான் கேட்டாங்களாம். அப்புறம் பால் ஊத்திக் குடுத்தா திட்டுவாங்க."

தங்கையைப் பற்றித் தனக்குத் தெரியாத ஒன்றைக் கேட்டதும் பெரியப்பா குனிந்து குவளையைப் பார்த்தார். பிறகு முழுவதையும் குடித்தார்.

மதர் எங்களைக் கல்லறைக்கு அழைத்துச் சென்றார். மடத்தின் பின்னால், சரிவில் படிப்படியாக வெட்டிய நிலம். மற்றக் கன்னியர்களின் கல்லறைகள் சிமெண்ட் பூசியவை. அத்தையுடையது கடைசிப் படியின் விளிம்பில் தனியாக இருந்தது. ஊரடங்கில் அவசரமாக, ஆழமில்லாமல் தோண்டியது, கொத்தனார் வரவில்லை. பிறகு நாடே விலைவாசியில் தவித்தபோது சிமெண்ட் எட்டாப் பொருளாகிவிட்டது. ஒரு மரச் சிலுவை மட்டும் நின்றது. அதன் கீழே மேடு எது, தரை எது என்று தெரியாதபடி ஒரு பச்சைக்கொடி அடர்ந்து படர்ந்திருந்தது. மூன்று மூன்றாக இதய வடிவச் சிற்றிலைகள். இடையிடையே மாலைப் பனியில் சுருங்கிய நீலப் பூக்கள்.

மதர் போனபின் பெரியப்பா என் பக்கம் திரும்பினார்.

"பாத்தியா பாப்பா? புளியாரை மண்டிக் கெடக்கு. திருநாளு நெருங்கியும் ஒரு கை வச்சுச் செதுக்க ஆளில்ல. இங்க விட்டுட்டுப் போகச் சொல்றியா?"

நான் அப்படிச் சொல்லவே இல்லை. சொல்ல நினைத்திருந்தது அவருக்குத் தெரிந்திருக்கலாம்.

மறுநாள் காலை மெழுகுவர்த்தியும் பூவும் வாங்க இந்திராணியோடு கீழே கடைத்தெருவுக்குப் போனேன். திரும்பி வந்தபோது பெரியப்பா கல்லறையருகில் குந்தியிருந்தார். வேலை முடிந்திருந்தது. ஒரு இலை இல்லை. மண்ணைச் சேர்த்து அணைத்து, வரப்புக்கு மட்டம் தட்டுவதுபோல் நான்கு பக்கமும் தட்டி, ஈரக்கையால் மெழுகியிருந்தார். எங்கள் ஊர்க் கண்ணுக்கு அது குறையற்ற கல்லறை. எனக்கும் முதல் பார்வையில் மனம் நிறைந்தது. பிடுங்கிய கொடியெல்லாம் வேர் மேலாகப் பக்கத்தில் குவிந்திருந்தது. வெயில் பட்டு விரிந்த நீலப் பூக்கள் அந்தக் குவியலில் அப்படியே இருந்தன. சங்குப்பூவின் நீலம், ஆனால் விரல்நுனி அளவு.

இந்திராணியின் கையிலிருந்த பை கீழே இறங்கியது.

"யாரு செஞ்சது?"

"நான்தாம்மா. காலையிலயே ஆரம்பிச்சேன்" என்றார் பெரியப்பா. அவருக்குப் பாராட்டு வரும் என்ற எதிர்பார்ப்பு முகத்தில் இருந்தது.

"ஐயா, அது நாங்க வச்சதுங்க." இந்திராணியின் குரல் முதலில் மெதுவாகத்தான் வந்தது. "மேல ஓடையோரத்துல இருந்து தோட்டத்து லய வீட்டுப் பொம்பளைங்க ஆளுக்கொரு பிடி கொண்டாந்து வச்சோம். சிஸ்டருக்கு அந்தப் பூன்னா உசுரு. பனிக்காலத்துல சாக்குப் போட்டு மூடி, காஞ்ச நாள்ல வாளியில தண்ணி சுமந்து வளத்தது. வருசக்கணக்கா வராத சொந்தம் நேத்துதான் வந்தீங்க. வந்த மறுநாளே புடுங்கறதுக்கா வந்தீங்க?"

பெரியப்பாவின் கையில் களைக்கொட்டு இருந்தது. அதைக் கீழே வைப்பதா, பிடித்திருப்பதா என்று தெரியாமல் நின்றார்.

"களைன்னு நெனச்சேம்மா."

"உங்களுக்கு நெல்லத் தவிர எல்லாம் களைதான் போல."

சொல்லிவிட்டு இந்திராணி குனிந்தார். குவியலிலிருந்து வேரறுபடாத கொடிகளைப் பொறுக்கி ஒரு வாளித் தண்ணீரில் போட ஆரம்பித்தார். நானும் குனிந்தேன். சிறிது நேரத்துக்குப் பின் பெரியப்பாவும் குந்தினார். வாளி நிறைவதற்குள் மேகம் இறங்கிவிட்டது; அன்று திரும்ப நட முடியவில்லை.

மழை பிற்பகலில் பிடித்தது. எங்கள் ஐப்பசி மழை காற்றோடு சாய்ந்து வரும். இந்த மழை செங்குத்தாக, நிற்காமல் கொட்டியது. சமையலறைச் சன்னலிலிருந்து பெரியப்பா கல்லறையையே பார்த்துக்கொண்டிருந்தார். திடீரென்று எழுந்து வெளியே ஓடினார். நான் பின்னால் போய்ப் பார்த்தபோது, அவர் மெழுகிய மேடு செந்நீராகக் கரைந்துகொண்டிருந்தது. கீழ்ப்பக்க விளிம்பில் ஒரு விரிசல் விழுந்திருந்தது. அதற்குக் கீழே ஆளுயரப் பள்ளம், அப்பால் தேயிலை. சரிவில் வழவழப்பாக மெழுகிய மண்ணை எதுவும் பிடித்து நிறுத்தவில்லை. பிடித்திருந்த கொடி காலையில் வாளிக்குள் போய்விட்டது. ஆழமில்லாக் குழி. இன்னும் கொஞ்சம் போனால் அத்தையின் சவப்பெட்டியே தெரிந்துவிடும்.

இந்திராணி சாக்குகளோடு வந்தார். மண் நிரப்பி விளிம்பில் வைத்தோம். முதல் சாக்கு சறுக்கிப் பள்ளத்தில் விழுந்தது. "பலகை இருந்தா அடைகுடுத்து நிப்பாட்டலாம். மடத்துல விறகுதான் இருக்கு" என்று இந்திராணி மழைக்கு மேல் கத்தினார்.

பெரியப்பா மடத்துக்குள் ஓடினார். திரும்பி வந்தபோது கையில் பூவரசம் பெட்டி. வெள்ளைத் துணியை எடுத்து என்னிடம் கொடுத்தார். பெட்டியைக் கவிழ்த்து, களைக்கொட்டின் பின்புறத்தால் மூலையில் ஓங்கி அடித்தார். ஆசாரி இறுகச் செய்த பொருத்து. நாலைந்து அடிக்குப் பிறகுதான் விட்டது. நான் தடுக்கவில்லை. தடுத்திருந்தால் அவருக்குக் கேட்டிருக்காது. நீளப் பலகைகளைக் கீழ்ப்பக்கத்தில் நிறுத்தி, விறகுக் கட்டைகளை முளையாக அடித்து, அதற்குப் பின்னால் சாக்குகளை அடுக்கினார். வாய்க்கால் உடைப்பெடுத்தால் எங்கள் ஊரில் செய்வது அதுதான். மழை முழுக்க அந்தப் பலகைமீது முதுகைக் கொடுத்துச் சேற்றில் உட்கார்ந்திருந்தார். இந்திராணி எழுந்து வரச் சொன்னதையும் கேட்கவில்லை. மண் நின்றது.

மறுநாள் விடிந்ததும் வாளியோடு போனார். அந்தக் கொடிக்கு ஒவ்வொரு கணுவிலும் வேர் உண்டு. ஒரு கணுவைத் துண்டாக எடுத்து, மூன்று விரலால் மண்ணுக்குள் அழுத்தி, பின்னால் நகர்ந்து, அடுத்ததை அழுத்தினார். இந்திராணி இடுப்பில் கைவைத்துப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"ஐயா, வரிசை புடிச்சு நடாதீங்க. இது என்ன வயலா? கண்டபடி வையுங்க, அது தானா படரும்."

"கை பழகிப்போச்சும்மா."

"பின்னால போய்க்கிட்டே இருக்கீங்க, பள்ளத்துல விழுந்துருவீங்க. அப்புறம் உங்களுக்கும் சேத்து நான்தான் கொடி வைக்கணும்."

இரண்டு நாளில் முதன்முறையாகப் பெரியப்பா சிரித்தார். பிறகு ஒரு இலையைக் கிள்ளி வாயில் போட்டு மென்றார். "புளிப்பே இல்லியே" என்றார், யாரிடமும் அல்லாமல்.

அது எங்கள் ஊரில் களையாக முளைக்கும், இலை புளிக்கும் புளியாரைக்கு உறவே இல்லை. பட்டாணி, பயறு குடும்பத்தைச் சேர்ந்தது என்பதை ஊர் திரும்பிய பிறகு தேடித் தெரிந்துகொண்டேன். ஆப்பிரிக்கா, ஆசியாவின் வெப்ப மண்டல மலைகளில் ஈரமான இடங்களில் படரும் பசுங்கொடி. நம் நீலகிரியிலும் உண்டு. தாவரவியலார் அதற்கு இட்ட கிரேக்கப் பெயருக்கு ஓடையோரம் என்று பொருளாம். வாய்க்காலோரத்தில் பிறந்த ஒரு பெண்ணுக்கு அந்தப் பூ ஏன் பிடித்தது என்பதற்கு அது காரணமாக இருக்க முடியாது. அவருக்கு நீலம் பிடித்திருக்கலாம், அவ்வளவுதான்.

அன்று மாலை கல்லறைத் திருநாள். தொழிலாளர்களின் வரிசை வீடுகளான லயங்களிலிருந்து ஆட்கள் வந்துகொண்டே இருந்தார்கள். மெழுகுவர்த்தி கொண்டுவந்தவர்களும் உண்டு, சூடமும் ஊதுவத்தியும் கொண்டுவந்தவர்களும் உண்டு. ஒரு பெண் தன் மகனைப் பெரியப்பாவின் முன்னால் நிறுத்தி, "இவன் சிஸ்டர் கையில பொறந்தவன்" என்றார். பெரியப்பா அந்த இளைஞனின் கையைப் பிடித்தவர், அவன் கூச்சத்தோடு நெளிந்தபோதும் விடவில்லை.

எல்லோரும் போன பிறகு மதர் வந்தார். எப்போது தோண்டலாம், ஆட்களுக்குச் சொல்ல வேண்டும் என்று கேட்டார். நான் மொழிபெயர்த்தேன்.

பெரியப்பா கல்லறையின் கீழ்ப்பக்கத்தைப் பார்த்தார்.

"பெட்டி இல்லீங்களே" என்றார்.

அதையும் அப்படியே மொழிபெயர்த்தேன். மதர் அவருடைய பார்வை போன இடத்தைப் பார்த்தார். சேற்றுக்குள் பாதி புதைந்த பூவரசம் பலகைகள் மெழுகுவர்த்தி வெளிச்சத்தில் தெரிந்தன. ஆட்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை என்று புரிந்து தலையசைத்தார். வெள்ளைத் துணியைப் பெரியப்பா சிலுவையின் மேல் போர்த்தினார்.

புறப்படும்போது அந்தக் கொடியில் ஒரு கணுவாவது ஊருக்குக் கொண்டுபோகலாமா என்று என்னிடம் கேட்டார். கூடாது என்றேன். அனுமதியில்லாமல் நாடு விட்டு நாடு செடி கொண்டுபோவது சட்டப்படி குற்றம். சட்டத்தை விட்டாலும், எங்கள் சித்திரை வெயிலில் அது ஒரு வாரம் தாங்காது. தாங்கினால் அது இன்னும் பெரிய கவலை. எங்கள் வாய்க்கால்களை அடைத்துக் கிடக்கும் ஆகாயத்தாமரையும் அழகுக்காகக் கொண்டுவரப்பட்டதுதான் என்பார்கள். பெரியப்பா களைக்கொட்டை எடுக்கச் சமையலறைக்குப் போனபோது இந்திராணி அதைக் கதவுக்குப் பின்னால் வைத்துக்கொண்டு நின்றார்.

"இது இங்கயே இருக்கட்டும். உங்க கையில குடுக்க எனக்கு நம்பிக்கை இல்ல."

"வச்சுக்கம்மா. அடுத்த வருசம் வர்றேன்" என்றார்.

ஊரில் மழை விட்டிருந்தது. சம்பா வயல்களில் தண்ணீர் வரப்பைத் தொட்டு நின்றது. வாசலில் காத்திருந்த பெரியம்மா எங்கள் கைகளைத்தான் முதலில் பார்த்தார்.

"பெட்டி எங்கங்க? லூர்து எங்க?"

"பெட்டி அங்கயே தேவைப்பட்டுச்சு" என்றார் பெரியப்பா. "அவளும்தான்."

அன்று மாலை கல்லறைத் தோட்டத்துக்குப் போனோம். திருநாளுக்காகப் பெரியம்மா ஆள் வைத்துச் செதுக்கிய இரண்டு கல்லறைகளும் வழவழவென்று இருந்தன. மூன்றாவது இடத்தை வழக்கமாகப் பெரியப்பாவே பார்ப்பார் என்பதால் யாரும் தொடவில்லை. மழையில் அது முழுவதும் பச்சையாகிவிட்டிருந்தது. எங்கள் ஊர்ப் புளியாரை, சின்ன மஞ்சள் பூக்களோடு.

அவர் பழக்கத்தில் குந்தினார். கை தானாக இடுப்புப் பக்கம் போயிற்று. அங்கே களைக்கொட்டு இல்லை. பிறகு, "பங்குச் சாமிகிட்ட சொல்லிடலாம் பாப்பா. இந்த எடத்த அடுத்து வேணுங்கறவங்களுக்குக் குடுக்கட்டும்" என்றார்.

ஒரு இலையைக் கிள்ளி என்னிடம் நீட்டினார். இன்னொன்றைத் தான் வாயில் போட்டு மென்றார்.

"புளிக்குது" என்றார்.